ஏழு தகப்பன்மார்

தெரெக்-சூ, மார்ச் 9

அன்புத் தம்பி மெதெருக்கு,

அக்கா ஜிபார் எழுதுவது. மலைமேல் நீ உடம்பும் மனசும் சுகமாக இருக்க வேண்டும். இங்கே அப்பா சுகம். முழங்கால் வலி என்று முனகுகிறார்; குதிரைமேல் ஏறியதும் முனகல் நின்றுவிடுகிறது. நானும் பிள்ளைகளும் நலம்.

உங்கள் வானிலை நிலையத்து ரேடியோ காற்றையும் பனியையும் சொல்வதற்குத்தானாம், குடும்பப் பேச்சுக்கு இல்லையாம். சரி, மாவு ஏற்றிவரும் வண்டிக்காரரிடம் இதைக் கொடுத்துவிடுகிறேன்.

ஊரே அமர்க்களப்படுகிறது. நம் கூட்டத்து மூதாதை தொகோய் வீரருக்கு ஆகஸ்டில் ஏரிக்கரை மேட்டில் கல் நடப் போகிறோம். ஏற்பாடெல்லாம் ஓர்மோன் சித்தப்பா. கல்லின் முன்னால் நின்று ஏழு தலைமுறைத் தகப்பன்மார் பெயரையும் வரிசையாகச் சொல்லப்போவது யார்? நம் அப்பாதான். அது முடிவான நாளிலிருந்து ஆட்டுப்பட்டியில்கூட சொல்லிப் பார்த்துக்கொண்டிருக்கிறார்.

இன்னொன்று கேள். ஓர்மோன் சித்தப்பாவின் மகள் பெகிமாய் பிஷ்கேக் பல்கலைக்கழகத்தில் மரபணு ஆராய்ச்சி செய்கிறாள் அல்லவா, அவள் வந்து நம் கூட்டத்து ஆண்கள் எல்லாரிடமும் மாதிரி எடுத்துப் போனாள். கன்னத்தின் உள்ளே பஞ்சுக் குச்சியை விட்டு ஒரு தேய்ப்பு, அவ்வளவுதான். அப்பனிடமிருந்து மகனுக்கு மட்டுமே போகிற ஒரு துணுக்கு நம் உடம்பில் இருக்கிறதாம். அதை வைத்து தொகோய் வரை ஏறிப் போகலாமாம். பெண்ணான எனக்கு அது கிடையாது என்றாள். நான் நர்ஸ் என்பதால் குச்சி பிடிக்கும் வேலை கிடைத்தது.

வரிசையில் முதல் ஆள் அப்பா. ஓர்மோன் சித்தப்பா சும்மா இருப்பாரா? "அவன் வாய்க்குள்ள குச்சி விடாதம்மா, பேச ஆரம்பிச்சா குச்சி திரும்பி வராது" என்றார். கூட்டம் சிரித்து அடங்க நேரமாயிற்று.

கம்பளிக் காலுறை இரண்டு ஜோடி வைத்திருக்கிறேன். பதில் போடு.

உன் அக்கா,
ஜிபார்

*

சாரி-தோர் நிலையம், ஏப்ரல் 2

மதிப்பிற்குரிய அக்காவுக்கு, தம்பி மெதெர் வணக்கத்துடன் எழுதுவது.

நான் நலம். காலுறை அளவு சரியாக இருக்கிறது. அப்பாவின் முழங்காலுக்குக் குதிரைக் கொழுப்பு தடவுகிறீர்களா? பிள்ளைகளுக்கு இருமல் நின்றதா? வாசல் பாதாம் மரம் பனியில் தப்பியதா? நாய் அக்தோஷ் குட்டி போட்டிருக்குமே, எத்தனை? ஓர்மோன் சித்தப்பாவுக்கு ரத்த அழுத்த மாத்திரை கிடைக்கிறதா? பக்கத்து வீட்டு ஆசிரியருக்கும் என் வணக்கம் சொல்லுங்கள்.

இங்கே இன்னும் பனிதான். நேற்று மலையாடுகள் ஜன்னல் வரை வந்து உப்பு நக்கின.

ஆராய்ச்சி நல்ல விஷயம். எப்போது முடிவு வரும்?

உங்கள் எல்லாருடைய சுகத்தையும் வேண்டும்,
மெதெர்

*

தெரெக்-சூ, ஏப்ரல் 27

தம்பி,

சுகம், சுகம், எல்லாரும் சுகம். குட்டி ஐந்து. மாத்திரை கிடைக்கிறது. பாதாம் பூத்துவிட்டது.

உன் கடிதத்தை இரண்டாவது முறை படிக்கும்போது கையில் இருந்த தேநீர் ஆறிப்போயிற்று. நீ எல்லாரையும் விசாரித்திருக்கிறாய், நாயைக்கூட. ஊருக்கு வந்து போன ஒருத்தியைத் தவிர. அவள் பெயரைத்தான் நான் உனக்கு எழுதியிருந்தேன். அதைத் தாண்டிக் குதித்துப் போயிருக்கிறாய். பள்ளத்தைப் பார்த்த குதிரைதான் அப்படித் தாண்டும்.

அவளும் அப்படித்தான். ஊரில் எல்லார் மாதிரியும் எடுத்தாயிற்று, மெதெர் ஒருத்தன்தான் பாக்கி, ஒரு சோதனைக் குழாய் கொடுத்தனுப்பட்டுமா என்று கேட்டேன். "அவங்க அப்பாவோடதே போதும் அக்கா" என்று பெட்டியை மூடிவிட்டாள். மூன்று வருடத்துக்கு முன் நீ நல்ல வேலையை விட்டுவிட்டு யாரும் போகாத மலைக்கு எழுதிக் கொடுத்துப் போனாயே, அதற்குக் காரணம் சம்பளம் என்றுதான் நானும் நம்பினேன்.

தப்பாக இருந்தால் திட்டு. சரியாக இருந்தால் ஒன்று சொல்கிறேன். ஏழு தலைமுறைக்குள் பெண் எடுப்பதில்லை. நமக்கும் அவர்களுக்கும் ஐந்தாவது தகப்பனிலேயே கலந்துவிடுகிறது. பங்காளி வீட்டுப் பெண் நமக்குத் தங்கை முறை.

முடிவு ஜூனில் வருமாம். உடம்பைப் பார்த்துக்கொள்.

ஜிபார்

*

சாரி-தோர், மே 20

அக்காவுக்கு வணக்கம்.

நலமே. நீங்கள் எழுதியது தப்பு. நான் இங்கே வந்தது மலை பிடித்திருந்ததால். பனிப்பாறை பின்வாங்குவதை அளக்கிறோம், அது முக்கியமான வேலை.

தங்கை முறை என்பது எனக்கும் தெரியும். அதை எழுதிக் காட்ட வேண்டாம்.

மழைமானி உடைந்துவிட்டது, புதியது கேட்டிருக்கிறோம். அப்பாவுக்கு என் வணக்கம்.

மெதெர்

*

சாரி-தோர், ஜூன் 18

அக்கா,

வண்டி வந்தது. மாவு வந்தது, மண்ணெண்ணெய் வந்தது, மழைமானியும் வந்தது. உங்கள் கடிதம் வரவில்லை. வண்டிக்காரரைக் கேட்டேன், அக்காவைப் பார்த்தேன், கொடுக்க ஒன்றும் இல்லை என்று சொல்லிவிட்டார் என்றார். முகம் எப்படி இருந்தது என்றேன். "நர்ஸம்மா முகம் எப்பவும்போலத்தான், கொஞ்சம் தூங்காத மாதிரி" என்றார்.

போன கடிதத்தில் கடுமையாக எழுதிவிட்டேனா? அப்பாவுக்கு ஏதாவதா? எதுவானாலும் ஒரு வரி எழுதுங்கள். இங்கே செய்தி இல்லாமல் இருப்பதுதான் குளிர்.

உங்கள் நலம் கேட்டுக் காத்திருக்கும்
மெதெர்

*

தெரெக்-சூ, ஜூன் 30

என் செல்லத் தம்பி,

அப்பா உயிரோடு, உடம்போடு நன்றாக இருக்கிறார். முதலில் அதைத் தெரிந்துகொள். உன்மேல் கோபமும் இல்லை. எப்படி எழுதுவது என்று தெரியாமல்தான் கையைக் கட்டிக்கொண்டு இருந்தேன்.

பெகிமாய் வந்தாள். ஊருக்குத் தெரியாமல் நேரே மருத்துவமனைக்கு. கதவைச் சாத்தச் சொன்னாள். தொகோய் கூட்டத்து ஆண்கள் எல்லாருடைய துணுக்கும் ஒன்றோடொன்று அழகாகப் பொருந்துகிறதாம். ஒரே ஒருவருடையதைத் தவிர. அந்த ஒருவர் நம் அப்பா.

கிட்டத்தில்கூட வரவில்லையாம். வேறு மரம், வேறு வேர்.

குழாய் மாறியிருக்கும் என்றேன். அவளும் அப்படித்தான் நினைத்தாளாம். நடுவில் ஒருநாள் சோர்பா சூப் கொடுக்கும் சாக்கில் வந்து அப்பாவிடம் மறுபடி மாதிரி எடுத்துப் போனாள், அது அதற்குத்தானாம். மறுபடியும் அதே. பிறகு வேறொரு ஆய்வுக்கூடத்துக்குப் பெயர் போடாமல் அனுப்பினாள். அங்கேயும் அதே. "வேற யாரோட முடிவா இருந்தாலும் ஒரு தடவை பாத்துட்டு சொல்லியிருப்பேன் அக்கா. இதுல மட்டும் என் கண்ணை நானே நம்பல. எனக்கு வேண்டியதைத்தான் அது காட்டுதோன்னு பயம்" என்றாள்.  எனக்கு அதற்கு மேல் வேண்டியிருக்கவில்லை. 

தம்பி, இதன் அர்த்தம் உனக்குப் புரிகிறதா? அவள் உனக்குத் தங்கை முறை இல்லை. எனக்குச் சிரிப்பும் வருகிறது, அழுகையும் வருகிறது. ஆனால் ஆகஸ்டில் கல்லின் முன் நிற்க வேண்டிய மனிதர், ஆட்டுப்பட்டியில் நின்று பெயர் சொல்லிக்கொண்டிருக்கிறாரே, அவருக்கு யார் இதைச் சொல்வது?

என்ன செய்யட்டும், சொல். நலமாக இரு.

ஜிபார்

*

சாரி-தோர், ஜூலை 6

அக்கா,

வண்டி திரும்புவதற்குள் எழுதுகிறேன். அந்த முடிவை அடுப்பில் போடச் சொல்லுங்கள். அப்பாவுக்கு யாரும் ஒரு வார்த்தை சொல்லக் கூடாது. அறுபது வயதில் ஒரு மனிதரைத் தகப்பன் பாட்டன் இல்லாதவராக ஆக்கி, அந்த இடைவெளி வழியாக நான் கல்யாணத்துக்கு நுழைய மாட்டேன்.

ஏழு தகப்பனைத் தெரியாதவன் அநாதை என்று அவர்தானே நம்மைத் தோளில் வைத்துச் சொல்லிக் கொடுத்தார்.

அவளுக்கு என் நன்றியைச் சொல்லுங்கள். மூன்று முறை சோதித்ததற்கு. நன்றாக இருக்கிறாளா என்றும் கேளுங்கள். வேறு ஒன்றும் கேட்க வேண்டாம்.

மெதெர்

*

தெரெக்-சூ, ஜூலை 22

தம்பி,

சுகம் கேட்கவும் நேரமில்லை, ஆனாலும் சுகமாக இரு. உன் கடிதம் வந்து சேரும் முன்பே எல்லாம் நடந்துவிட்டது.

பெகிமாய் நேரே அப்பாவிடம் போய்ச் சொல்லிவிட்டாள். நான் தடுத்தேன். "எச்சில் அவரோடது அக்கா. அவர் உடம்பு சொன்ன சேதியை அவருக்குத் தெரியாம நாம வெச்சுக்கக் கூடாது" என்று புல்வெளிக்கு நடந்துவிட்டாள். நான் வேலி ஓரத்தில் நின்றேன். அப்பா நீளப்பிடி அரிவாளை ஊன்றிக்கொண்டு முழுக்கக் கேட்டார். கடைசியில், "வேற என்னம்மா?" என்றார். "வேற ஒண்ணுமில்ல பெரியப்பா" என்றாள். அவர் அவள் முகத்தையே கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுத் திரும்பவும் புல் அறுக்கத் தொடங்கிவிட்டார்.

அவள் சும்மா வரவில்லை. அதுதான் பெரிய செய்தி. எல்லைக்கு அப்பால் கெகென் ஊரில் அவளுடைய பேராசிரியர் போன வருடம் மாதிரி எடுத்திருந்தாராம். அதில் காசிமாலி என்ற ஒரு பெரியவருடையது அப்பாவோடு அப்படியே பொருந்துகிறது. பெகிமாய் அவர் வீட்டுக்கே போய்வந்துவிட்டாள். அவர்களுடைய வரிசையைச் சொல்லச் சொன்னாளாம். அவர் சொன்னது: "செயித்துக்கு ரெண்டு பிள்ளைங்க. நியாஸ் ஒருத்தன், துரார் ஒருத்தன். நியாஸோட மகன் நான். துரார் பேதெல் கணவாய்ல பனியோட போனான்."

ஆயிரத்துத் தொள்ளாயிரத்துப் பதினாறாம் வருடத்துக் கலகத்தில் ஜார் படைக்குப் பயந்து இந்தப் பக்கத்து ஜனமெல்லாம் கணவாய் வழியே சீனாவுக்கு ஓடியதே, அப்போது. தாய் பனியில் செத்துப்போக, மடியில் இருந்த பிள்ளையும் செத்தது என்று நினைத்து விட்டுவிட்டு நடந்திருக்கிறார்கள். நம் கூட்டமும் அதே வழியாகத்தான் ஓடியது. அந்தப் பிள்ளை துரார்தான் நம் தாத்தா பாயிஷ். எடுத்து வளர்த்தவர்கள் யாரிடமும் சொல்லாமலே போய்விட்டார்கள். பெற்ற வீட்டாரோ இந்த நூறு வருடமும் வரிசை சொல்லும்போதெல்லாம் அவரை விடாமல் சொல்லிவந்திருக்கிறார்கள். 

அப்பா இதையும் கேட்டார். மறுநாள் காலை சேணம் போட்டுக் கிளம்பிவிட்டார். எங்கே என்று சொல்லவில்லை. இறைச்சியும் போர்சோக் ரொட்டியும் நிறையக் கட்டிக்கொண்டதைப் பார்த்தால் உன் பக்கம்தான் வருகிறார்.

ஜிபார்

*

சாரி-தோர், ஆகஸ்ட் 4

அக்காவுக்கு வணக்கம்.

அப்பா வந்தார், நலமாகக் கீழே திரும்பிவிட்டார். இதை வண்டியில் அனுப்புகிறேன், அவரிடம் கொடுக்கத் துணியவில்லை.

மத்தியான வேளையில் குதிரையோடு வாசலில் நின்றார். சாப்பிட்டார். அடுப்பு புகைகிறது என்று திட்டினார். பிறகு நட என்றார். பேதெல் கணவாய் இங்கிருந்து பக்கம்தான், ஆனால் மேலே ஏற எல்லைக் காவலர்கள் விடமாட்டார்கள். அடிவாரத்துப் பாறைகள் வரை போனோம். போகிற வழியில் எனக்கு இங்கே என்ன வேலை என்று கேட்டார். காற்றின் வேகம் குறிக்கிறேன் என்றேன்.

"நீ குறிக்கலன்னாலும் காத்து அடிக்கும். வயசுப் பையன் எதுக்கு இங்க வந்து உக்காந்தான்னு கேக்கறேன்."

நான் காலடிக் கல்லைப் பார்த்து நடந்தேன்.

"அந்தப் பொண்ணும் இப்படித்தான். வேற என்னம்மான்னா ஒண்ணுமில்லங்கறா. ஊமைப் பள்ளிக்கூடத்துல படிச்சீங்களா ரெண்டு பேரும்?"

பாறைகளுக்கு அடியில் காற்றுப் படாத ஒரு பள்ளம் இருந்தது. அங்கே தொப்பியைக் கழற்றி வைத்துவிட்டு மண்டியிட்டார். தரையைக் கையால் தடவிப் பார்த்தார். "எங்கப்பா நின்னா கதவு மறையும். அவ்வளவு பெரிய ஆள். இந்த மாதிரி ஒரு இடத்துல ஒரு சின்ன மூட்டையாக் கிடந்திருப்பார்" என்றார். அவர் முதுகு குலுங்கியது. நான் மலையைப் பார்த்துக்கொண்டு நின்றேன். பிறகு அவர் பக்கத்தில் நானும் மண்டியிட்டேன். எவ்வளவு நேரம் என்று தெரியவில்லை. அன்றைய மாலை அளவீடு தவறிவிட்டது.

கல் நடுகிற விழாவைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. ஓர்மோன் சித்தப்பாவிடம் நான் வர முடியாததற்கு மன்னிப்புச் சொல்லுங்கள். என்னோடு இருப்பவர் பல்வலி என்று கீழே இறங்கிவிட்டார், நான் தனி ஆள். அப்பா அங்கே என்ன செய்வார் என்று எனக்குப் பயமாக இருக்கிறது. ஒன்று விடாமல் எழுதுங்கள். எல்லாரும் சுகமாக இருக்க வேண்டும்.

மெதெர்

*

தெரெக்-சூ, ஆகஸ்ட் 25

என் கண்ணே, தம்பி,

உட்கார்ந்துகொண்டு படி. நலமா என்று கேட்கிறேன், ஆனால் இதைப் படித்தபின் நீ எப்படி இருப்பாய் என்பதுதான் கேள்வி.

ஏரிக்கரை முழுக்கக் கூடாரம். எத்தனை ஊரிலிருந்து ஜனம். குதிரைப்பால் குமிஸ் தோல்பை தோல்பையாகக் காலியாயிற்று. கல்லின்மேல் போர்த்தியிருந்த வெள்ளைத் துணியை ஓர்மோன் சித்தப்பா இழுத்ததும் கூட்டம் எழுந்து நின்றது. தொகோய் தொடங்கி எல்லாப் பெயரும் செதுக்கியிருக்கிறது, கீழே ஓரத்தில் நம் தாத்தா பாயிஷ் வரை. "சாதிர்குல், வா, சொல்லு" என்று அப்பாவை அழைத்தார்.

அப்பா போய் நின்றார். ஏழு பெயரையும் சொன்னார். அந்தக் குரலை நீ கேட்டிருக்க வேண்டும். ஏரியின் அந்தக் கரைவரை கேட்டிருக்கும். ஒரு பெயரும் பிசகவில்லை. கடைசிப் பெயரைச் சொல்லிவிட்டு இறங்குவார் என்று எல்லாரும் பிரார்த்தனைக்குக் கையை உயர்த்தியபோது, "இது ஓர்மோனோட வரிசை. என்னோடது இல்ல" என்றார்.

 அப்பா நடந்ததையெல்லாம் சொன்னார். பஞ்சுக் குச்சி, கணவாய், பனி, எல்லாம். யாரோ ஒரு பெரியவர், இதெல்லாம் சைத்தான் வித்தை, நிறுத்து என்று கத்திவிட்டு எழுந்து போனார். அவர் பின்னால் இன்னும் சிலர் போனார்கள். அப்பா அவர்கள் போகும்வரை காத்திருந்தார்.

"பனியில கிடந்த பிள்ளைய உங்க கூட்டத்துப் பொம்பள ஒருத்தி எடுத்து மார்ல போட்டா. தனக்கே தின்னக் கிடைக்காத நேரம். தன் பிள்ளைன்னே வளர்த்தா, சாகற வரைக்கும் யார்கிட்டயும் சொல்லல. இந்தக் கல்லுல அவ பேரு இல்ல. ஆம்பளைங்க பேரை மட்டும்தான நாம சொல்றோம். அவ பேரு சாயிரா. எனக்கு ரத்தம் கொடுத்தவங்க யாருன்னு இப்பத்தான் தெரிஞ்சுது. உயிரைக் கொடுத்தவ இவ."

அங்கே இருந்த பெண்கள் எல்லாரும் அழுதோம். நான் வெட்கப்படாமல் எழுதுகிறேன்.

ஓர்மோன் சித்தப்பா முகம் கன்றிப்போய் நின்றார். "அறுபது வருஷமா நீ என் அண்ணன். ஒரு குச்சி வந்து இல்லன்னு சொன்னா ஆயிடுமா?" என்றார். 

அப்பா அவர் கிட்டே போய் நின்றார். "நீ சொன்னா நான் பங்காளியாவே இருந்துக்கறேன் ஓர்மோன். யார் கேட்டாலும் அப்படியே சொல்றேன். ஆனா பங்காளியா இருந்தா உன் பொண்ணை என் பையனுக்குக் கேக்க முடியாது. யோசிச்சுச் சொல்லு. உனக்குப் பங்காளி வேணுமா, சம்பந்தி வேணுமா?"

 சித்தப்பா திரும்பி மகளைத் தேடினார். பெகிமாய் கூட்டத்தை விலக்கிக்கொண்டு முன்னால் வந்து நின்றாள். இதெல்லாம் உனக்குத் தெரியுமா, எத்தனை நாளாகத் தெரியும் என்று கேட்டார்.

"குச்சியில வந்த சேதியைக் கேக்கறீங்களா அப்பா, மனசுல இருக்கறதைக் கேக்கறீங்களா? சேதி ஜூன்ல வந்துச்சு. மத்தது மூணு வருஷத்துக்கு முந்தியே."

சித்தப்பா அப்படியே புல்லில் உட்கார்ந்துவிட்டார். தொப்பியைக் கழற்றி முகத்தைத் துடைத்தார்.  கடைசியில் அப்பாவை நிமிர்ந்து பார்த்து, "பொண்ணுக்குப் பரிசமாக் குதிரை எத்தனை தருவ? உன் லாயத்துல இருக்கறதெல்லாம் கிழடு, இப்பவே சொல்லிட்டேன்" என்றார்.

அப்புறம் எழுந்த சத்தத்தில் ஏரிப் பறவையெல்லாம் கிளம்பிப் பறந்தன.

அந்த நேரம் பார்த்து கெகென் விருந்தாளிகளின் வண்டி வந்து நின்றது. வழியில் சக்கரம் பழுதாம். காசிமாலி பெரியவர் மகன்கள் தாங்கிப்பிடிக்க இறங்கினார். அப்பாவின் முகத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு வெகுநேரம் பார்த்தார். "எங்கப்பாவோட மூக்கு" என்றார். இந்த வயதில் நம் அப்பாவுக்கு ஓர் அண்ணன் கிடைத்திருக்கிறார், தம்பி. இரண்டு பேரும் ஒரே மாதிரி முழங்காலைப் பிடித்துக்கொண்டு முனகுகிறார்கள்.

பாயிஷ் பெயரைக் கல்லிலிருந்து எடுப்பதா என்று யாரோ கேட்டார்கள். கை வைப்பவன் கையை ஒடிப்பேன் என்றார் ஓர்மோன். அதன் பக்கத்தில் சாயிராவின் பெயரையும் செதுக்க ஆள் சொல்லியிருக்கிறார். நான் இனி அவரைச் சித்தப்பா என்றே கூப்பிடுவேன், பழகிவிட்டது. நீ மாமா என்று கூப்பிடப் பழகிக்கொள்.

உடம்பைப் பார்த்துக்கொள், மாப்பிள்ளை.

உன் அக்கா,
ஜிபார்

*

தெரெக்-சூ, செப்டம்பர் 8

மகன் மெதெருக்கு, உன் தகப்பன் சாதிர்குல் எழுதுவது.

நான் நலம். நீயும் நலமாக இருப்பாய், இல்லாவிட்டால் உன் அக்கா எனக்கு முன்பே எழுதியிருப்பாள்.

உன் மேலதிகாரியைப் பார்த்துப் பேசிவிட்டேன். மாற்று ஆள் இந்த வண்டியிலேயே வருகிறான். வேலையை ஒப்படைத்துவிட்டு நீ இறங்கி வா. பெகிமாய் தினமும் ஏதோ ஒரு சாக்கு வைத்து நம் வீட்டுக்கு வந்து பாதையைப் பார்த்துவிட்டுப் போகிறாள். நான் கவனிக்காததுபோல் இருக்கிறேன்.

ஒரு கஷ்டம். காசிமாலி அண்ணன் எங்கள் ஏழு பேரையும் சொல்லிக் கொடுத்துவிட்டுப் போயிருக்கிறார். துரார், செயித், கெல்திபெக் வரை வந்துவிடுகிறது. நான்காவது பெயரில் நாக்கு தானாகப் பழைய வரிசைக்குத் திரும்பிவிடுகிறது. உன் அக்கா சிரிக்கிறாள். தாடி நரைத்தவன் பள்ளிக்கூடத்துப் பையன் மாதிரி உளறுகிறேன்.

ஆகையால் வந்ததும் வராததுமாக மாமனார் வீட்டுக்கு ஓடிவிடாதே. முதலில் என்னோடு வந்து உட்கார். உனக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. இரண்டு பேரும் சேர்ந்து படிக்கலாம்.

உன் அப்பா